மங்களூர் (தனி)

தேர்தல் முடிவு வந்த மறுநாள் செய்தித்தாளை விரித்தால் எங்கள் ஊர்ப் பெயருக்குப் பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் ஒரு சொல் இருக்கும்: வலங்கைமான் (தனி). எங்கள் ஊர் மட்டும் எதற்காகத் தனியாக இருக்கிறது என்று சின்ன வயதில் அப்பாவிடம் கேட்டிருக்கிறேன். ஓட்டு எல்லாரும் போடலாம், ஆனால் ஆதிதிராவிடர் ஒருவர்தான் நிற்க முடியும், அதற்காக ஒதுக்கி வைத்த தொகுதி என்றார். 'ஒதுக்கி வைப்பது' என்ற பேச்சை எங்கள் தெருவில் வேறு பொருளில்தான் கேட்டிருந்தேன். அதே சொல்லால் ஒருவரைச் சபைக்குள் அழைக்கவும் முடியும் என்பது அன்றைக்கு எனக்குப் பெரிய செய்தி.

2008இல் நடைமுறைக்கு வந்த தொகுதி மறுவரையறை ஆணையில் வலங்கைமான் மறைந்து நன்னிலத்துக்குள் போயிற்று. அதே ஆணையில் பெயர் போன இன்னொரு தனித்தொகுதி கடலூர் மாவட்டத்தின் மேற்குக் கோடியில் இருந்த மங்களூர். கர்நாடகத்து மங்களூரைத் தெரிந்தவர்களில் பாதிப்பேருக்கு இப்படியொரு ஊர் தமிழ்நாட்டில் இருப்பது தெரியாது. இந்த ஊரையும் அதைச் சுற்றிய மண்ணையும் ஒருமுறை பார்த்துவிட வேண்டும் என்று பல வருஷமாக நினைத்துக்கொண்டிருந்தேன். 2025 மார்ச் கடைசி வாரத்தில்தான் வாய்த்தது. அப்போது ஊரெங்கும் தொகுதிப் பேச்சாக இருந்தது. மார்ச் 22ஆம் தேதி சென்னையில் தமிழக முதல்வர் கூட்டிய கூட்டத்துக்குக் கேரளம், தெலங்கானா, பஞ்சாப் முதல்வர்கள் வந்துபோயிருந்தார்கள். மக்கள்தொகைக் கணக்கை வைத்து மறுபடி தொகுதி பிரித்தால் நமக்கு நாடாளுமன்றத்தில் எத்தனை இடம் மிஞ்சும் என்ற கேள்வி டீக்கடை பெஞ்சு வரைக்கும் வந்திருந்தது.

விருத்தாசலம், செராமிக் பேட்டை

தஞ்சைப் பக்கத்து மனிதனுக்கு விருத்தாசலத்தில் முதலில் உறைப்பது வெளிச்சம். எங்கள் ஊரில் தென்னையும் மூங்கிலும் வடிகட்டித் தரும் வெயில்தான் தரைக்கு வரும். இங்கே அது நேராக வந்து இறங்குகிறது. விழுப்புரம், திருச்சி, கடலூர், சேலம் என்று நாலு பக்கமும் தண்டவாளம் பிரியும் சந்திப்பு இது. யாரும் இங்கே தங்க வருவதுபோல் தெரியவில்லை. எல்லாரும் மாறி ஏற வந்தவர்கள்போலவே நடக்கிறார்கள்.

பீங்கான் தொழில் இந்த ஊருக்கு வந்ததற்குப் பக்கத்து நெய்வேலியும் ஒரு காரணம். அங்கே பழுப்பு நிலக்கரிக்கு மேலே கிடக்கும் மண்ணடுக்கில் வெள்ளைக் களிமண் உண்டு. அரசு இங்கே ஒரு தொழிற்பேட்டை அமைத்தது. பீங்கான் தொழில்நுட்பத்துக்கென்று ஒரு பட்டயக் கல்லூரியும் இருக்கிறது. தமிழ்நாட்டில் ஒரு தலைமுறை வீடுகளின் மின்பெட்டியில் இருந்த வெள்ளை ஃபியூஸ் கேரியரில் எத்தனையோ இந்தப் பேட்டைச் சூளையில் வெந்தவை. கூடவே பொம்மை, அகல் விளக்கு, பூந்தொட்டி.

நான் நுழைந்த கூடத்தில் ஆறேழு பெண்கள் வேலையில் இருந்தார்கள். கூழ்போலக் கரைத்த மண்ணை பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் அச்சில் ஊற்றுகிறார்கள். அச்சு தண்ணீரை உறிஞ்ச, உள்சுவரில் மண் தோலாகப் படிகிறது. கொஞ்ச நேரம் கழித்து நடுவில் இருக்கும் கரைசலைத் திரும்பக் கொட்டிவிட்டு அச்சைப் பிரித்தால் உள்ளே பிள்ளையார் கூடாக நிற்கிறார். ஈரப் பிள்ளையாரின் காதோரத்து விளிம்பை ஒரு பெண் கத்தியால் சீவிக்கொண்டிருந்தார். நாற்பது வயதுக்குள்தான் இருக்கும்.

"அச்சு எத்தன தடவ தாங்கும்?" என்றேன்.

"எம்பது, நூறு சார். அதுக்கு மேல ஓரம் மழுங்கிடும். மூக்கு முழி தெரியாது. புது அச்சு போட்டுருவாங்க."

ஃபியூஸ் கேரியருக்கு முன்போல ஆர்டர் இல்லை, எல்லா வீட்டிலும் தட்டிவிடுகிற ஸ்விட்சு வந்துவிட்டது, கார்த்திகை அகலும் கொலுப் பொம்மையும்தான் சோறு போடுகிறது என்று சொன்னார். எந்த ஊர் என்று கேட்டேன். கட்டிக்கொடுத்தது இந்த ஊர்.

"எங்கம்மா வூடு அடரி பக்கம் சார். மங்களூர் தொகுதி."

அவர் வாயில் அது எந்த யோசனையும் இல்லாமல் வந்தது. அந்தத் தொகுதியின் பெயரில் கடைசியாகச் சட்டமன்றத் தேர்தல் நடந்தது 2006இல். அதாவது 19 வருஷத்துக்கு முன்னால். நான் தேடி வந்த சொல்லை ஊருக்குள் கால்வைத்த இரண்டு மணி நேரத்தில் இந்தப் பெண் மண்ணைச் சீவியபடியே சொல்லிவிட்டார்.

2006 என்றால் விருத்தாசலத்துக்காரர்களுக்கு வேறொரு ஞாபகமும் இருக்கிறது. கட்சி தொடங்கி ஒரு வருஷம்கூட நிறையாத விஜயகாந்த் இங்கேதான் நின்று, தேமுதிகவின் ஒரே உறுப்பினராகச் சட்டமன்றத்துக்குப் போனார். இந்தப் பேட்டைக்குள் அவர் வந்தபோது வேலையைப் போட்டுவிட்டு ஓடியதையும், திரும்பி வந்து பார்த்தால் ஒரு பலகை நிறைய பொம்மை காய்ந்து வெடித்திருந்ததையும் இன்னொரு அம்மா சொன்னார். பக்கத்து மங்களூரில் அந்தத் தேர்தலில் வென்றவரின் பெயர் இவர்களுக்கு நினைவில்லை. சினிமா வெளிச்சம் அத்தனை பெரிது.

மணிமுத்தாற்றங்கரை

மாசி மகம் முடிந்து இரண்டு வாரம்தான் ஆகியிருந்தது. தேரோடிய தெருவில் பூவரசங்காயும் சருகும் கிடந்தன. பழமலைநாதர் கோயிலைக் கற்றளியாக எழுப்பியவர் செம்பியன் மாதேவி என்பார்கள். ஐந்து கோபுரம், ஐந்து கொடிமரம் என்று எல்லாவற்றையும் ஐந்தைந்தாக எண்ணிக் காட்டுவது இந்த ஊர்க்காரர்களின் பெருமை. இந்தத் தலத்தைக் காசிக்கு வீசம் கூட என்றும் சொல்வார்கள்.

எனக்குப் பிடித்த கதை சுந்தரருடையது. இங்கே கிடைத்த பொன்னை மணிமுத்தாற்றில் போட்டுவிட்டு, திருவாரூர்க் கமலாலயத்தில் எடுத்தார். எங்கள் மாவட்டத்துக் குளத்துக்கும் இந்த ஆற்றுக்கும் அப்படியொரு உறவு. படித்துறையில் உட்கார்ந்து பார்த்தேன். பங்குனி வெயிலில் ஆறு மணலாகக் கிடந்தது, நடுவில் ஒரு கோடாகக் கறுப்புத் தண்ணீர். பொன் போட்டால் அங்கேயே கிடக்கும், எங்கும் போகாது.

பழையதும் கசப்பானதும் இந்தத் தாலுகாவில் பக்கத்துப் பக்கத்தில் கிடக்கின்றன. 'ஜெய் பீம்' படத்துக்கு மூலமான வழக்கு 1993இல் இங்கிருந்து கொஞ்ச தூரத்திலுள்ள கம்மாபுரம் காவல் நிலையத்தில் தொடங்கியது. 2003 ஜூலையில் புதுக்கூரைப்பேட்டையில், பொறியியல் படித்த ஒரு தலித் இளைஞரையும் அவர் மணந்த சாதி இந்துப் பெண்ணையும் உறவினர்கள் விஷம் ஊற்றிக் கொன்று எரித்தார்கள். கடலூர் நீதிமன்றத்தில் தீர்ப்பு வர 18 வருஷம் ஆயிற்று. நான் ஊர் திரும்பிய மறுமாதம், 2025 ஏப்ரலில், உச்ச நீதிமன்றம் அந்தத் தண்டனைகளை உறுதி செய்தது. அந்தக் கொலை நடந்த வருஷத்தில் பக்கத்து மங்களூர்த் தொகுதியின் சட்டமன்ற உறுப்பினர் யார் என்பதையும் சேர்த்து நினைத்தால்தான் இந்த மண்ணில் ஒரு தனித்தொகுதி என்னவாக இருந்தது என்று புரியும். அதற்குப் பிறகு வருகிறேன்.

மணவாளநல்லூர்

ஊருக்கு மேற்கே சற்றுத் தள்ளிக் கொளஞ்சியப்பர் கோயில். உருவமாக இல்லாமல் பீடமாக இருக்கும் முருகன். இங்கே வேண்டுதல் என்பது பிராது. வெள்ளைத் தாளில் பெயர், ஊர், குறை எல்லாம் எழுதி, சாமி முன்னால் வைத்துப் பூசை செய்து, முனியப்பர் சன்னிதியில் இருக்கும் சூலத்தில் சுருட்டிக் கட்டிவிடுகிறார்கள். காணாமல்போன மாடு, வராத கடன், ஓடிப்போன புருஷன், அண்ணன் தம்பி வரப்புத் தகராறு எல்லாம் அங்கே நூலில் தொங்கி ஆடுகிறது. வந்தவரின் ஊர் எவ்வளவு தூரமோ அதைப் பொறுத்துக் கட்டணம். சாமி அந்தத் தூரத்துக்கு நடந்து போய் விசாரிக்க வேண்டும் அல்லவா. 90 நாளைக்குள் தீரும் என்பது நம்பிக்கை. தீர்ந்தால் திரும்ப வந்து பிராதை வாபஸ் வாங்க வேண்டும். அதற்கு இங்கே ராஜினாமா என்று பெயர்.

அந்தச் சொல்லைக் கேட்டதும் நின்றுவிட்டேன். பதவி விலகலுக்கு மட்டுமே நாம் இன்று வைத்திருக்கும் சொல் அது. பழைய கோர்ட்டுத் தமிழில் ராசிநாமா என்றால் இரு தரப்பும் ராசியாகி எழுதிக்கொடுக்கும் பத்திரம். பாரசீகத்திலிருந்து வந்த சொல், தன் மூல அர்த்தத்தை இந்தக் கோயில் வாசலில் பத்திரமாக வைத்திருக்கிறது.

எழுதத் தெரியாதவர்களுக்கு எழுதிக்கொடுக்கும் ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தேன். அவர் ஒவ்வொருவரிடமும் ஒரே கேள்வியைத்தான் திரும்பத் திரும்பக் கேட்டார். "முழு விலாசம் சொல்லுங்க. சாமி தேடி வரணுமில்ல."

திட்டக்குடி

பெண்ணாடம் வழியாகப் போனேன். கரும்பு வண்டிகளுக்குப் பின்னால் பேருந்து ஊர்ந்தது. வெள்ளாறு அகலமாக, வெளுத்துக் கிடந்தது. அக்கரை அரியலூர் மாவட்டம். அந்தப் பக்கத்து அங்கனூர்தான் தொல். திருமாவளவன் பிறந்த ஊர்.

பழைய மங்களூர்த் தொகுதியின் பெரும்பகுதி இப்போது திட்டக்குடித் தொகுதிக்குள் இருக்கிறது. அதுவும் தனித்தொகுதியே. அப்படியானால் என்ன போயிற்று என்று ஒருவர் கேட்கலாம். திட்டக்குடிப் பேருந்து நிலையத்துக்கு எதிரே உணவு விடுதி நடத்துபவர் அதைத்தான் கேட்டார். கல்லூரியில் அரசியல் படித்தவர், நான் எதற்கு வந்திருக்கிறேன் என்று சொன்னதும் தானும் எதிரில் உட்கார்ந்துவிட்டார். கேழ்வரகுக் களியும் கருவாட்டுக் குழம்பும் போட்டார்கள். களியை விரலால் குழித்துக் குழம்பை ஊற்றி மெல்லாமல் விழுங்க வேண்டும். எங்கள் பக்கத்து நாக்கு எதையும் மென்று பழகியது, எனக்கு வரவில்லை. "தண்ணி சோத்து ஊர்க்காரர் போல" என்று அவர் சிரித்துவிட்டு ரசம்சோறும் வரவழைத்தார்.

அவரிடம் நான் சொன்னதை இங்கே எழுதுகிறேன், ஏனென்றால் இந்தப் பயணத்தில் எனக்குச் சொல்ல இருந்தது அதுதான்.

சுதந்திரத்துக்குப் பின் முதல் இரண்டு பொதுத்தேர்தலில் தனித்தொகுதி என்று தனியாக இல்லை. சில தொகுதிகளுக்கு இரண்டு உறுப்பினர்கள், அதில் ஒருவர் தாழ்த்தப்பட்டவர். கடலூர் அப்படிப்பட்ட மக்களவைத் தொகுதியாக இருந்தபோது, 1952இல் அங்கிருந்து போனவர்தான் காட்டுமன்னார்கோயில் பக்கத்து எல். இளையபெருமாள். பிற்பாடு தீண்டாமை பற்றிய அனைத்திந்தியக் குழுவுக்குத் தலைமை ஏற்றவர். 1961இல் சட்டம் வந்து இரட்டை உறுப்பினர் முறை ஒழிந்தது. பிறகு ஒரே ஊர், ஒரே உறுப்பினர், ஊர்ப் பெயருக்குப் பக்கத்தில் (தனி) என்ற அடைப்புக்குறி. 2008 வரை நாம் பயன்படுத்திய எல்லைகள் 1971 மக்கள்தொகைக் கணக்கை வைத்து 1976இல் வரைந்தவை. பேட்டைப் பெண் சொன்ன மழுங்கிய அச்சுபோலத்தான். புது அச்சு தேவைப்பட்டது, மறுக்கவில்லை. நீதிபதி குல்தீப் சிங் தலைமையிலான ஆணையம் 2001 கணக்கை வைத்து வரைந்தது. மாநிலத்தின் 234 இடம் 234 ஆகவே இருந்தது, தனித்தொகுதிகள் 42இலிருந்து 44 ஆயின. கணக்காகப் பார்த்தால் யாருக்கும் நட்டமில்லை.

ஆனால் மங்களூர் மேற்கத்தி மேட்டுநிலத்தின் பெயர். அங்கே நகராட்சி கிடையாது, தேர்க்கோயில் கிடையாது, ரயில் கிடையாது. ஐந்து வருஷத்துக்கு ஒருமுறை மாநிலம் முழுக்க அந்தப் பெயரை உச்சரிக்கும், அவ்வளவுதான் அதற்கு வாய்த்தது. 1996இல் அங்கே வென்றவர் தமிழ் மாநில காங்கிரசின் எஸ். புரட்சிமணி. அடுத்த தேர்தலில், 2001இல், தமிழக அரசியலின் போக்கில் ஒரு மாற்றம் அந்த ஊர்ப் பெயரில் பதிவாயிற்று. 1999 வரை தேர்தலையே புறக்கணித்த விடுதலைச் சிறுத்தைகள் இயக்கம், அந்த வருஷம் சிதம்பரம் மக்களவைத் தொகுதியில் இறங்கியது. அதன் தலைவர் திருமாவளவன் அரசு வேலையை விட்டுவிட்டு நின்றார். பல சேரிகளில் மக்கள் வாக்குச்சாவடிக்குப் போகவிடாமல் தாக்கப்பட்டார்கள், குடிசைகள் எரிந்தன. தோற்றார். இரண்டே வருஷத்தில் திமுக கூட்டணியில் உதயசூரியன் சின்னத்தில் விடுதலைச் சிறுத்தைகளுக்குக் கிடைத்த 8 இடங்களில் ஒன்றே ஒன்றுதான் ஜெயித்தது. மங்களூர். திருமாவளவன் முதன்முதலாகச் சட்டமன்றப் படியேறியது இந்தப் பெயரைச் சொல்லித்தான்.

2004இல் அவர் ராஜினாமா செய்தார். இன்னொரு கட்சியின் சின்னத்தில் வென்ற பதவியை வைத்துக்கொண்டு அந்தக் கூட்டணிக்கு வெளியே நிற்க அவர் விரும்பவில்லை. மறுபடி சிதம்பரத்தில் நின்று மறுபடி தோற்றார். 2006இல் அதிமுக கூட்டணியில் சிறுத்தைகள் வென்ற இரண்டு இடங்களில் ஒன்று மீண்டும் மங்களூர். அன்று கு. செல்வம் என்ற பெயரில் வென்றவர்தான் பின்னாளில் காங்கிரஸ் மாநிலத் தலைவரான செல்வப்பெருந்தகை. இன்னொரு இடம் காட்டுமன்னார்கோயில், எழுத்தாளர் ரவிக்குமார்.

இனி நான் சொல்ல வருவது. பழைய வரைபடத்தில் மங்களூர் சிதம்பரம் மக்களவைத் தொகுதிக்குள் இருந்தது. 1999இலும் 2004இலும் அவர் தோற்ற இரண்டு தேர்தலிலும் மங்களூர்க்காரர்கள் வரிசையில் நின்று அவருக்கு ஆதரவாகவோ எதிராகவோ ஓட்டுப் போட்டார்கள். 2009இல் புது வரைபடம் வந்தது. சிதம்பரம் தெற்கே ஆற்றைத் தாண்டி அரியலூர், ஜெயங்கொண்டம், குன்னம் என்று போயிற்று. திட்டக்குடி கடலூர் மக்களவைத் தொகுதிக்குப் போயிற்று. அந்த வருஷம்தான் அவர் சிதம்பரத்தில் வென்று நாடாளுமன்றம் போனார். முதன்முதலில் அவரைச் சபைக்கு அனுப்பிய ஊர் அந்த வெற்றியில் ஒரு ஓட்டுக்கூடப் போட முடியவில்லை.

விடுதிக்காரர் வெகுநேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "எங்க பெரியப்பா சாகற வரைக்கும் அதத்தான் சொல்லிட்டிருந்தாரு சார். கோடு போட்டவன் எங்கள எதுக்குக் கேக்கலன்னு" என்றார்.

கீழ்ச்செருவாய்

வெலிங்டன் ஏரிக்கரையில் ஏறியபோது மாலை நாலு மணி. சென்னை மாகாண ஆளுநராக 1919 முதல் 1924 வரை இருந்த வில்லிங்டன் பெயரை வைத்தார்கள், ஊர் வாயில் அது வெலிங்டனாகத் தேய்ந்தது. தொழுதூரில் வெள்ளாற்றை மறித்துத் திருப்பிய தண்ணீர் இங்கே வந்து நிறைகிறது. சுமார் 24 ஆயிரம் ஏக்கருக்குப் பாசனம். கரைக்குக் கிழக்கே நெல் வெட்டிய தாள் தெரிந்தது. மேற்கே பார்த்தால் பருத்திமாறு, மக்காச்சோளத் தட்டை, செம்மண் மேடு.

பழைய தொகுதியின் இரண்டு முகத்தையும் இந்தக் கரையில் நின்றால் ஒரே பார்வையில் பார்க்கலாம். தண்ணீர் பாய்கிற பக்கம் ஒன்று, தண்ணீர் சேர்ந்தும் தன் பக்கம் பாயாத மேடு ஒன்று. மங்களூர் அந்த மேட்டில் இருக்கிறது. எங்கள் ஊரில் குடமுருட்டியில் தண்ணீர் வரவில்லை என்றால் சண்டை போடுவோம். ஆற்றையே வரப்பில் எதிர்பார்க்காத விவசாயம் எப்படி இருக்கும் என்று நான் அதுவரை யோசித்ததில்லை. ஆடு மேய்த்துக்கொண்டிருந்த பெரியவர், "எங்களுக்கு மானம்தான் ஏரி" என்று சொல்லிவிட்டு ஆட்டின் பின்னால் போய்விட்டார்.

மங்களூர்

திருச்சி நாற்கர சாலையைக் குறுக்காகக் கடந்து மேற்கே போனால் சாலையின் பாதி அகலத்துக்கு மக்காச்சோளம் காய்கிறது. ஓட்டுநர்கள் கோபப்படாமல் ஒதுங்கிப் போகிறார்கள். மஞ்சள் நிறம் கண்ணைக் கூசச் செய்தது. இந்தச் சோளம் கோழித்தீவனத்துக்குப் போகிறது. இதை விளைவிக்கிறவர்கள் வீட்டில் இதைத் தின்பதில்லை. கம்பும் வரகும் விதைத்த நிலம் எல்லாம் இப்படி மாறிவிட்டது.

மங்களூர் ஓர் ஒன்றியத்தின் பெயராக இன்னும் உயிரோடு இருக்கிறது. மங்களூர் ஊராட்சி ஒன்றியம் என்ற பலகை அந்த அளவில் எனக்கு ஆறுதல் தந்தது. ஆனால் ஊருக்குள் போனால் ஒரு பழைய தொகுதியின் தலைநகரம் என்று சொல்ல எதுவும் இல்லை. ஒரு வேப்பமரம், ஒரு டீக்கடை, சோளம் உதிர்க்கும் இயந்திரத்தின் தூசு.

டீக்கடையில் கம்பங்கூழும் மோர்மிளகாயும் கிடைத்தது. அங்கே இருந்த பெரியவருக்கு எழுபதைத் தாண்டியிருக்கும். கூட உட்கார்ந்திருந்தவர்கள் அவரிடம் மரியாதையாகப் பேசினார்கள். 2001 பற்றிக் கேட்டேன்.

"ராத்திரியில வந்தாரு தம்பி. மணி ரெண்டு இருக்கும். காலனிக்குள்ள கார் வராது, நடந்து வந்தாரு. நாங்க யாருமே தூங்கல. பொம்பளைங்க கொழந்தைய இடுப்புல வச்சுக்கிட்டு நிக்கறாங்க. அதுக்கு முன்னாடியும் எம்.எல்.ஏ. எங்காளுதான். தனித்தொகுதி. ஆனா அவுங்க ஊருக்குள்ள வந்து பெரிய வூட்டுல ஒக்காந்துட்டு, எங்கள அங்க கூப்புட்டு விடுவாங்க. இவரு நேரா எங்க தெருவுக்கு வந்தாரு."

"ராஜினாமா பண்ணப்போ கோவம் இல்லியா?"

"இருந்துது. ஏன் இருக்காது? ரோடு பாதியில நின்னுது. ஆனா ஒண்ணு தம்பி. அந்த மூணு வருசம் பேப்பர்ல எங்க ஊர் பேரு போட்டுத்தான் அவரு பேரு போடுவாங்க. மங்களூர் எம்.எல்.ஏ. திருமாவளவன். மெட்ராசுல வேல பாக்கற பையன், எந்த ஊர்னா சொல்லக் கூச்சப்படாம சொன்னான்."

பூனா ஒப்பந்தம் தொடங்கித் தனித்தொகுதி பற்றி எவ்வளவோ வாதம் உண்டு. எல்லாரும் ஓட்டுப்போடும் தொகுதியில் வெல்கிறவர் எல்லாருக்கும் நல்லவராகத்தான் இருக்க முடியும், தம் மக்களுக்காக உரக்கப் பேச முடியாது என்று அம்பேத்கர் காலத்திலிருந்தே சொல்லப்பட்ட குறை அது. அந்தக் குறை உண்மை. பெரியவர் சொன்ன 'பெரிய வூட்டு' எம்.எல்.ஏ.க்களே அதற்குச் சாட்சி. ஆனாலும் அதே கூட்டுக்குள்ளிருந்துதான் ஒருமுறை வேறொன்றும் வெளியே வந்தது. அது நடந்த இடத்தின் பெயரை வரைபடத்திலிருந்து எடுக்கும்போது ஒரு வரியாவது பதிவு செய்திருக்க வேண்டாமா என்பதுதான் என் ஆதங்கம். தொகுதி மேம்பாட்டு நிதியில் கட்டிய நிழற்குடை ஒன்று ஊர் முனையில் நிற்கிறது. கல்வெட்டில் தொகுதியின் பெயர் இருந்த இடத்தில் சுவரொட்டி ஒட்டி ஒட்டிப் பசை ஏறியிருக்கிறது. நகத்தால் சுரண்டிப் பார்த்தேன். 'ங்க' மட்டும் தெரிந்தது.

தமிழ்நாட்டுக்கு 1962இல் 41 மக்களவை இடங்கள், 1967இல் அது 39 ஆயிற்று. அந்த இரண்டு போனதை இன்றைக்கும் பேசுகிறோம், பேசத்தான் வேண்டும். 2026க்குப் பிறகு எடுக்கும் கணக்கில் இன்னும் போகுமோ என்று கூட்டம் போடுகிறோம். தில்லி நம்மைக் கேட்காமல் கோடு போடக்கூடாது என்கிறோம். அந்த நியாயம் மங்களூருக்கும் உண்டு என்று இந்த டீக்கடையில் உட்கார்ந்திருந்தபோது தோன்றியது. மாநிலத்துக்குள் கோடு நகரும்போதும் யாரோ ஒருவர் தம் பெயரை இழக்கிறார், அவர் பெரும்பாலும் மேட்டு நிலத்தில் இருப்பவர்.

வேப்பூர் கூட்டுரோடு

திரும்பும் வழியில் வேப்பூரில் பேருந்து மாற நின்றேன். பக்கத்தில் ஓர் அம்மா. வெற்றிலைச் சாயம் ஏறிய பல், கையில் மஞ்சள் பை. நான் நோட்டில் எழுதுவதைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஐயா, எழுதத் தெரியுமா?"

தெரியும் என்றேன். பையிலிருந்து நாலாக மடித்த வெள்ளைத் தாளை எடுத்தார். மணவாளநல்லூருக்குப் போகிறாராம், கொளஞ்சியப்பருக்குப் பிராது கட்ட. அங்கே எழுதுகிறவர் அவசரத்தில் விட்டுவிடுவார், நீங்கள் பொறுமையாக எழுதிக் கொடுங்கள் என்றார். சுடுகாட்டுப் பாதை பிரச்சினை. பாதைக்குக் குறுக்கே ஒருத்தர் சோளம் போட்டு வேலி வைத்துவிட்டார். போன மாசம் ஓர் இழவுக்குப் பிணத்தை வாய்க்கால் வழியாகத் தூக்கிப் போனார்கள். கொடுக்க வேண்டிய இடத்திலெல்லாம் மனு கொடுத்தாயிற்று.

நான் எழுதினேன். அவர் சொல்லச் சொல்ல, அவர் வார்த்தையிலேயே. வேலி வைத்தவர் பெயரைச் சொன்னபோது மட்டும் குரலைத் தணித்துக்கொண்டார். அவருக்குத் தண்டனை வேண்டாம், புத்தி வந்தால் போதும் என்று சேர்க்கச் சொன்னார்.

"விலாசம் அம்மா?"

பெயர், கணவர் பெயர், காலனித் தெரு, கிராமம் எல்லாம் சொன்னார். எழுதி முடித்துத் தாளை நீட்டினேன். வாங்கவில்லை.

"மங்களூர் தொகுதினு போடுங்க ஐயா. இல்லாட்டி சாமிக்கு எப்புடித் தெரியும்?"

மங்களூர் தொகுதி என்று எழுதினேன். பக்கத்தில் அடைப்புக்குறி போட்டு உள்ளே 'தனி' என்றும் எழுதினேன். விருத்தாசலம் பேருந்து வந்துவிட்டது. அவர் தாளை மடித்துச் செருகிக்கொண்டு எனக்கு முன்னால் ஏறினார்.